முப்பது கோல் வாங்கும்வரை

1956 ஜூலை 15, ஞாயிறு. போட்டது 2, வாங்கியது 1. மொத்தம் 2/1.
ஜூலை 22, ஞாயிறு. போட்டது 4, வாங்கியது 0. மொத்தம் 6/1.
ஜூலை 29, ஞாயிறு. போட்டது 1, வாங்கியது 2. மொத்தம் 7/3.
ஆகஸ்ட் 5, ஞாயிறு. போட்டது 3, வாங்கியது 0. மொத்தம் 10/3.
ஆகஸ்ட் 12, ஞாயிறு. போட்டது 1, வாங்கியது 1. மொத்தம் 11/4.
ஆகஸ்ட் 19, ஞாயிறு. போட்டது 5, வாங்கியது 2. மொத்தம் 16/6.

நீலக்கொடி கால்பந்து சங்கம் அந்த வருஷம் பி டிவிஷன் லீக்கில் ஆடிய முதல் ஆறு ஆட்டங்களின் கணக்கு இது. கோட்டுக்கு மேலே இருக்கும் எண் பதினோரு பேருக்கும் பொதுவானது. யார் கோல் போட்டாலும் அது கூடும். கீழே இருக்கும் எண் மட்டும் ஒருவனுடையது. அவன் பெயர் சின்னப்பா. சங்கத்தின் கோல்கீப்பர்.

அந்த ஆறு கோலும் எந்தப் பக்கமாகப் புகுந்தன, யார் காலிலிருந்து வந்தன என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வான். மற்றவர்கள் மேலே உள்ள பதினாறைப் பேசிக்கொண்டே வீட்டுக்குப் போவார்கள். அவன் கீழே உள்ள ஆறைச் சுமந்துகொண்டு போவான்.

அவனுக்கு அப்போது இருபத்தேழு வயது. சிவாஜிநகரில் பிறந்தவன். ஊர்ப்பெயர் மாறி வருஷங்கள் ஆகியும் அவன் வீட்டில் பிளாக்பள்ளி என்றுதான் வழங்கும். அப்பாவுக்குப் பட்டாளத்துக் குதிரை லாயத்தில் வேலை. 1947இல் வெள்ளைக்காரப் பட்டாளம் கிளம்பிப் போனபோது லாயமும் போயிற்று, சம்பளமும் போயிற்று. அந்த வருஷமே பதினெட்டு வயதில் சின்னப்பா மார்க்கெட்டுக்குப் பின்னால் இருந்த ஐஸ் டிப்போவில் சேர்ந்தான். மரத்தூள் ஒட்டிய ஐஸ் பாளங்களை லாரியிலிருந்து இறக்கி மீன்கடைகளுக்குத் தள்ளிக்கொண்டு போவது வேலை. வழுக்கும் பாளத்தைக் கைநழுவ விட்டால் கால் போய்விடும். எது வழுக்கிக்கொண்டு வந்தாலும் பிடித்து நிறுத்தும் கை அவனுக்கு அங்கே அமைந்தது. ஆனால் ஒன்பது வருஷமாகியும் அவன் அன்றாடக் கூலிதான். வந்த நாளுக்குக் கூலி, வராத நாளுக்கு ஒன்றும் கிடையாது.

இந்த நிலையில்தான் ஆகஸ்ட் 19ஆம் தேதி ஆட்டம் முடிந்ததும், ஊருக்குக் கிழக்கே புதிதாக எழும்பியிருந்த ஒரு தொழிற்சாலையின் விளையாட்டு அதிகாரி வெங்கடகிருஷ்ணன் அவனைக் கூப்பிட்டு முதுகில் தட்டினார்.

“எங்க டீமுக்கு ஒரு கோல்கீப்பர் வேணும்ப்பா. ஸ்டோர்ஸ்ல நிரந்தர வேலை. ஆனா ஏ டிவிஷன்ல இருக்கிற கிளப்புக்காரனைத்தான் நான் மேனேஜருக்கு எழுத முடியும். உங்க கிளப் மேல போகட்டும். லீக் கமிட்டி கடிதத்தைக் கையோட எடுத்துக்கிட்டு வா. செப்டம்பர் 29, சனிக்கிழமை மத்தியானம் லிஸ்ட் போயிடும். அதுக்கப்புறம் வந்தா நானும் கைவிரிக்கத்தான் முடியும்.”

மேலே போவது ஒரே ஒரு சங்கம். எதிரே நின்றது சாம்ராஜ்பேட்டை வாண்டரர்ஸ்.

செப்டம்பர் 1, சனிக்கிழமை மாலை வாண்டரர்ஸ் தங்கள் கடைசி ஆட்டத்தை முடித்துவிட்டார்கள். போட்டது 14, வாங்கியது 5, புள்ளி 11. நீலக்கொடிக்கு மறுநாள் கடைசி ஆட்டம். அதில் ஜெயித்தால் அவர்களுக்கும் 11 புள்ளி. புள்ளி சமமானால் கோல் சராசரி பார்ப்பார்கள்.

அன்று மாலை ஐஸ் டிப்போவில் ஆட்டக்காரர்கள் கூடியிருந்தார்கள். சங்கத்தின் செயலாளர் சுந்தரேசன் விலைப்பலகையைத் திருப்பிவைத்துச் சாக்கட்டியால் கணக்குப் போட்டார். மின்சார இலாகாவில் குமாஸ்தா. கால்பந்துப் பைத்தியம்.

“நாளைக்கு ஒண்ணு–சைபர்னு ஜெயிச்சா நாமதான் மேல. ஆனா ரெண்டு–ஒண்ணுன்னு ஜெயிச்சா நாம கீழ. இதை எல்லாரும் மனசுல வெச்சுக்கணும்” என்றார்.

கேப்டன் இளங்கோவன் சிரித்துவிட்டான். சென்டர் ஃபார்வர்டு ஆடுபவன். பதினாறில் ஒன்பது அவன் போட்டது.

“என்னா சார் இது? பதினாறுல ஆறு போனா பத்து. அவனுங்களுக்குப் பதினாலுல அஞ்சு போனா ஒன்பது. இப்பவே நம்மதான் மேல. எப்படி ஜெயிச்சா என்ன?”

கன்டோன்மென்ட் பகுதியில் தெருவுக்குத் தெரு நடக்கும் பந்தயங்களில் அப்படித்தான் வழக்கம். போட்டதிலிருந்து வாங்கியதைக் கழித்து, எவனுக்கு மிச்சம் அதிகமோ அவனுக்குக் கோப்பை. மிச்சக் கணக்கு என்றே அதற்குப் பெயர். அங்கிருந்த அத்தனை பேரும் அதில் வளர்ந்தவர்கள்.

“லீக்ல கழிக்க மாட்டாங்கப்பா. வகுப்பாங்க.”

“கோலை வகுக்கிறதா? கோல் என்னா ஜிலேபியா சார், பங்கு போட?”

சிரிப்பு அடங்கும்வரை சுந்தரேசன் காத்திருந்தார். பிறகு 14/5 என்று எழுதினார். பக்கத்தில் 17/6 என்று எழுதினார். “கீழ ஒண்ணுல அஞ்சு, இன்னொண்ணுல ஆறு. இப்படிப் பாத்தா எது பெரிசுன்னு தெரியாது. ரெண்டுக்கும் கீழ முப்பது வெச்சுப் பாரு. அவங்க எண்பத்து நாலு. நாம எண்பத்தஞ்சு.” அடுத்து 18/7 என்று எழுதினார். “இதுக்குக் கீழ முப்பத்தஞ்சு வெக்கணும். அவங்க தொண்ணூத்தெட்டு. நாம தொண்ணூறு. எட்டு குறையுது.”

“ஒரு கோல் வாங்கினதுக்கா இம்மாம் பெரிய ஓட்டை?” என்றான் ஒருவன்.

சின்னப்பா பலகையையே பார்த்துக்கொண்டிருந்தான். “மூணு–ஒண்ணு?” என்று கேட்டான்.

“தொண்ணூத்தஞ்சு. பத்தாது.”

“நாலு–ஒண்ணு?”

“நூறு. அது போதும்.”

“அப்போ நான் ஒண்ணு வாங்கினா, இவங்க நாலு போடணும்.”

“அதேதான்.”

“நீ எதுக்குடா வாங்கப்போறே?” என்று இளங்கோவன் அவன் தோளில் கைபோட்டான். “வாங்கினாலும் நான் நாலு போட்டுட்டுப் போறேன். சார், பலகையைத் திருப்பி வைங்க, நாளைக்கு ஐஸ் விக்கணும்.”

எல்லோரும் எழுந்துவிட்டார்கள். சின்னப்பா மட்டும் வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் ஒன்றுக்கு நாலு, ஒன்றுக்கு நாலு என்று முணுமுணுத்தான். மனைவி முத்தம்மா சோடா ஃபாக்டரியில் பாட்டில் கழுவுகிறவள். சோறு போட்டுவிட்டு அவன் முகத்தைப் பார்த்தாள்.

“இன்னா, நாளைக்குத் தூக்குல போடப்போறாங்களா உன்னை?”

“ஒரு கோல் வாங்கினா வேலை போச்சு, முத்து.”

“வாங்காதே.”

அவ்வளவுதான் அவள் சொன்னது. அதைவிடச் சரியான யோசனையை மைதானத்தில் யாரும் சொல்லவில்லை.

மறுநாள் காலையிலிருந்தே தூறல். எதிரணி ஒரு நூல் மில் தொழிலாளர்கள். பாதிப்பேர் பூட்ஸ் போட்டிருந்தார்கள். நீலக்கொடிக்காரர்கள் வழக்கம்போல வெறுங்காலில் இறங்கினார்கள். முதல் பாதியில், இடதுபுறமிருந்து வந்த பந்தை இளங்கோவன் தலையால் முட்டி உள்ளே தள்ளினான். ஒன்று–சைபர். சின்னப்பாவுக்கு அந்த நிமிஷமே ஆட்டம் முடிந்துவிட்டால் தேவலை என்றிருந்தது. எண்பத்தைந்து, எண்பத்து நாலு. அந்த ஒன்றின் மேல்தான் அவன் நின்றுகொண்டிருந்தான்.

இடைவேளையில் அவன் இளங்கோவனின் சட்டையைப் பிடித்தான்.

“மச்சான், பேக் ரெண்டு பேரையும் என்கிட்டயே விட்டுடு. போடாட்டியும் பரவால்ல. வாங்கக் கூடாது.”

“அவனுங்க களைச்சிட்டானுங்கடா. இன்னும் மூணு போடலாம். அப்புறம் நீ ரெண்டு வாங்கினாலும் கவலை இல்ல.”

“ரெண்டு வாங்கினா நீ ஏழு போடணும்டா!”

“யாருடா சொன்னது?”

“நேத்து ராத்திரி பூரா கணக்குப் போட்டேன்.”

“கோல்கீப்பர் பந்தைப் பாரு. கணக்கைச் சுந்தரேசன் பாத்துப்பாரு.”

பார்த்துக்கொண்டிருந்த சுந்தரேசன், “அவன் சொல்றது சரிப்பா, ஏழுதான்” என்றார். விசில் ஊதிவிட்டது. யார் காதிலும் விழவில்லை.

இரண்டாம் பாதி முழுவதும் பந்து எதிர்ப்பக்கமே இருந்தது. பார்த்தவர்களுக்கு நீலக்கொடி வெளுத்து வாங்குகிறது என்று தோன்றியிருக்கும். சின்னப்பாவின் கண்ணில் பட்டது வேறு. அவனுக்கும் நடுக்கோட்டுக்கும் இடையே ஒரு ஆள்கூட இல்லை. சேறும் தண்ணீரும்தான் இருந்தது. இளங்கோவன் பேக் ஆடும் தடுப்பாட்டக்காரர் இருவரையும் கையசைத்து மேலே கூப்பிட்டுக்கொண்டான். சின்னப்பா தொண்டை கிழியக் கத்தினான். “வாங்கடா பின்னாடி! டேய், வாங்கடா!” மழையில் அது கரைந்து போயிற்று.

அவன் பயந்தது கடைசிப் பத்து நிமிஷத்துக்குள் நடந்தது. மில் அணியின் தடுப்பாட்டக்காரன் ஒருவன் கண்ணை மூடிக்கொண்டு உதைத்த பந்து நடுக்கோட்டைத் தாண்டி விழுந்தது. வலது ஓரத்தில் நின்றவன் அதை எடுத்துக்கொண்டு தனியாக ஓடிவந்தான். கோலை விட்டு முன்னால் போவதா, கோட்டிலேயே நிற்பதா? நின்றால் இரண்டு பக்கமும் திறந்திருக்கும். சின்னப்பா ஓடினான். லாரியிலிருந்து நழுவிய பாளத்தின் மேல் பாய்வதுபோல, உதைக்கத் தூக்கிய காலின் கீழே பாய்ந்து பந்தை அணைத்தான். பூட்ஸ் அவன் வலது கையின் மேல் இறங்கியது. குச்சி முறிகிற சத்தம் அவனுக்கு மட்டும் கேட்டது.

அணைப்பிலிருந்து நழுவிய பந்து கோல்கோட்டுக்கு வெளியே போயிற்று. கார்னர்.

எழுந்தவன் வலது கையை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டான். அந்தக் காலத்தில் மாற்று ஆட்டக்காரர் கிடையாது. அடிபட்டவனை ரெஃபரி வெளியே அனுப்பினால் பத்துப் பேரோடு ஆட வேண்டும். வேறொருவன் கோலில் நிற்க வேண்டும். கார்னருக்காகப் பின்னால் ஓடிவந்த இளங்கோவன் அந்தக் கையைப் பார்த்துவிட்டான். நடு இரண்டு விரல்களும் ஒரு பக்கமாகச் சாய்ந்திருந்தன. அவன் முகம் வெளுத்தது. அதற்குப்பின் அவன் கணக்கு எதுவும் பேசவில்லை.

“எல்லாரும் பின்னாடி வாங்கடா! ஒருத்தனும் நடுக்கோட்டைத் தாண்டக் கூடாது!”

கார்னர் பந்து உயர வந்தது. சின்னப்பா இடது முஷ்டியால் குத்தி வெளியே தள்ளினான். இன்னொன்று வந்தது. அதை இளங்கோவனே கோல்கோட்டில் நின்று மார்பால் தடுத்தான். மூன்றாவதாக வந்தது குறுக்குக் கம்பிக்கு மேலே போயிற்று. அப்புறம் விசில்.

17/6.

அவனைத் தோளில் தூக்கிக்கொண்டு சிவாஜிநகர் பஸ் ஸ்டாண்டுவரை வந்தார்கள். அங்கிருந்து பௌரிங் ஆஸ்பத்திரிக்கு நடந்தே போனான். கையில் மாவுக்கட்டு போட்டார்கள். அந்த இரண்டு விரல்களும் அதன்பின் ஒருநாளும் முழுசாய் மடங்கவில்லை.

மூன்றாம் நாள், செப்டம்பர் 5, புதன்கிழமை, லீக் கமிட்டியிலிருந்து முதல் கடிதம் வந்தது. சங்கத்துக்கு என்று தனி விலாசம் கிடையாது, ஐஸ் டிப்போ மேற்பார்வைதான் விலாசம். சுந்தரேசன் பிரித்துப் படித்தார். நீலக்கொடி, சராசரி 2.8. வாண்டரர்ஸ், சராசரி 2.8. இரண்டும் சமம். ஆகவே அக்டோபர் 7ஆம் தேதி மறு ஆட்டம்.

“சமமா? எப்படி சார் சமம்?” என்றான் சின்னப்பா.

“ஆறால வகுத்தா ரெண்டு புள்ளி எட்டு மூணு மூணுன்னு முடிவில்லாம போகும். கமிட்டியில புள்ளிக்கு அப்புறம் ஒரு எண்ணோட நிறுத்திடறாங்க. மீதியைச் சீவித் தள்ளிடறாங்க.”

“அந்த மீதிதான் சார் நம்ம வேலை.”

அவன் ‘நம்ம வேலை’ என்று சொன்னது நிரந்தர வேலையை. அக்டோபர் 7 என்றால் செப்டம்பர் 29 தாண்டிவிடும். தாண்டாவிட்டாலும் இந்தக் கையோடு யார் கோலில் நிற்பது? அவன் பஸ் பிடித்து வெங்கடகிருஷ்ணனைப் போய்ப் பார்த்தான். கட்டுப்போட்ட கையை வைத்து அவர் தள்ளிவிடுவார் என்று நினைத்திருந்தான். அவர் கையைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

“கை சரியாகும். டிவிஷன் தானா சரியாகாது. கடிதத்தைக் கொண்டுவா.”

சுந்தரேசன் மறுநாளே முறையீடு எழுதினார். செப்டம்பர் 14, வெள்ளிக்கிழமை, இரண்டாவது கடிதம் வந்தது. 22ஆம் தேதி சனிக்கிழமை மாலை இரு சங்கமும் நேரில் வந்து சொல்லலாம். இதற்கிடையில் ஐஸ் டிப்போக்காரர், “ஒத்தைக் கையால என்னாப்பா தள்ளுவே?” என்று வேறொருவனை வேலைக்கு வைத்துக்கொண்டார். வீட்டில் முத்தம்மாவின் பாட்டில் கழுவும் கூலிதான் ஓடிற்று. அவள் குறைசொல்லவில்லை. ஒரு நாள் மட்டும், “ஏழு ஆட்டத்துல ஆறுதான் வாங்கினேன்னு சொன்னியே, அந்த ஆறையும் பிடிச்சிருக்கக் கூடாதா?” என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். அவன் அன்று இரவு சாப்பிடவில்லை.

கமிட்டி அறை ஒரு மாடியில் இருந்தது. மேஜைக்குப் பின்னால் கமிட்டிச் செயலாளர் சீனிவாசராகவன். இரண்டு பக்கமும் உறுப்பினர்கள். சீனிவாசராகவன் ஓய்வுபெற்ற இன்ஜினியர். பன்னிரண்டு வருஷமாக ஒரு பைசா வாங்காமல் லீக்கைக் கட்டி மேய்ப்பவர். இடதுபுறம் வாண்டரர்ஸ் செயலாளர் கிருஷ்ணப்பா, சிட்டி மார்க்கெட்டில் வெற்றிலை மண்டி வைத்திருந்தவர். வலதுபுறம் சுந்தரேசன், பக்கத்தில் மாவுக்கட்டோடு சின்னப்பா.

சுந்தரேசன் தாளில் 85/30, 84/30 என்று எழுதி நீட்டினார். சீனிவாசராகவன் கண்ணாடியை ஏற்றிப் பார்த்தார்.

“கணக்கு சரிதான். இது எனக்கும் தெரியும். ஆனா ஓய், முப்பதுல ஒரு பங்கு கோல்னு ஒண்ணு உண்டா? பந்து கோட்டைத் தாண்டணும், இல்லேன்னா தாண்டப்படாது. முப்பதுல ஒரு பங்கு தாண்டித்துன்னு எந்த ரெஃபரி விசில் ஊதுவான்? அதுக்குத்தான் ஒரு எண்ணோட நிறுத்தறோம். அதுக்குமேல சமம்னு வெச்சுண்டு, மைதானத்துல தீர்த்துக்கோங்கோன்னு விட்டுடறோம். இதுல என்ன அநியாயம்?”

சின்னப்பா எழுந்தான்.

“சார், அது பங்கு இல்ல சார். முழு கோல்.”

“எப்படி?”

“நான் கோல்கீப்பர் சார். எனக்கு வாங்கறதுதான் தெரியும். அவங்க அஞ்சு வாங்கறதுக்குள்ள பதினாலு போட்டாங்க. நாங்க ஆறு வாங்கறதுக்குள்ள பதினேழு போட்டோம். இதே மாதிரி ஆடிக்கிட்டே போவோம். அவங்களும் முப்பது வாங்கட்டும், நானும் முப்பது வாங்கறேன். அப்போ அவங்க எண்பத்து நாலு போட்டிருப்பாங்க. நாங்க எண்பத்தஞ்சு. அந்த ஒண்ணு கோட்டை முழுசா தாண்டின கோல் சார்.”

சீனிவாசராகவன் முகத்தில் லேசாகச் சிரிப்பு வந்தது. “நன்னாத்தான் சொல்றே” என்றார். உடனே கிருஷ்ணப்பா மேஜையைத் தட்டினார்.

“இருங்க சார். சும்மனே கதை கேட்டுக்கிட்டு விதியை மாத்தாதீங்க. ரெண்டு வருஷம் முந்தி எங்களுக்கு இதே விதிதானே? 1954ல நாங்க போட்டது ஒன்பது, வாங்கினது நாலு. எங்ககூட நின்னவங்க பதினொண்ணு போட்டு அஞ்சு வாங்கினாங்க. நீங்க சமம்னு சொன்னீங்க, ரெண்டு புள்ளி ரெண்டு, ரெண்டு புள்ளி ரெண்டு. மறு ஆட்டம்னீங்க. ஆடினோம், தோத்தோம், வாயைத் திறக்காம வீட்டுக்குப் போனோம். இன்னிக்கி இவங்களுக்கு மட்டும் ஏன் வேற விதி?”

“நீங்க அன்னிக்கு ஒண்ணும் கேக்கலியே” என்றார் ஒரு உறுப்பினர்.

“எதுக்குக் கேக்கணும்? எங்க மிச்சம் அஞ்சு, அவங்க மிச்சம் ஆறு. சமம்னு சொன்னதே பெரிய உபகாரம்னு நெனச்சோம்.”

நியாயம் அவர் பக்கம் சாய்ந்துவிட்டது போலிருந்தது. சுந்தரேசன் தாளை மடித்துக்கொண்டார். சின்னப்பாவின் உதடு மட்டும் அசைந்துகொண்டிருந்தது. கீழே நாலு, கீழே ஐந்து. இரண்டுக்கும் இருபது. அஞ்சொன்பது நாற்பத்தைந்து. நாலு பதினொண்ணு... மறுபடி போட்டுப் பார்த்தான். அதேதான் வந்தது.

சொல்வதா? சொன்னால் இந்த மனுஷர் என்ன செய்வார்? இரண்டு வருஷத்துக் கோபமும் சேர்த்துக்கொண்டு, எனக்குப் பழைய இடத்தைக் கொடு என்று இதே மேஜையில் உட்கார்ந்துவிட்டால்? கமிட்டி இரண்டு வருஷத்தையும் சேர்த்துக் கட்டிப் பரணில் போட்டுவிடும். 29ஆம் தேதி போய்விடும். ஆனால் முகத்துக்கு நேரே உட்கார்ந்திருக்கும் மனுஷர், தமக்குக் கிடைக்காததை உபகாரம் என்று சொல்லிக்கொண்டிருக்கிறார். அதைக் கேட்டுக்கொண்டு சும்மா இருக்க அவனால் முடியவில்லை.

“அண்ணா” என்றான், கிருஷ்ணப்பாவைப் பார்த்து. “அன்னிக்கு நீங்கதான் அண்ணா மேல.”

“ஏனப்பா?”

“அவங்களும் இருபது வாங்கட்டும், நீங்களும் இருபது வாங்குங்க. நீங்க நாப்பத்தஞ்சு போட்டிருப்பீங்க. அவங்க நாப்பத்து நாலு. உங்க கையிலயும் ஒரு முழு கோல் இருந்திச்சு. மறு ஆட்டமே ஆடியிருக்க வேண்டியதில்ல.”

கிருஷ்ணப்பா சுந்தரேசனைப் பார்த்தார். சுந்தரேசன் விரல் மடக்கிப் பார்த்துவிட்டுத் தலையசைத்தார். அப்புறம் கிருஷ்ணப்பா சீனிவாசராகவனைப் பார்த்தார். சீனிவாசராகவன் ஏற்கெனவே மனசுக்குள் வகுத்து முடித்திருக்க வேண்டும். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தார்.

“ரெண்டு புள்ளி ரெண்டு அஞ்சு” என்றார் மெதுவாக. “அந்த அஞ்சை நான்தான் விட்டேன். அது முடிஞ்ச விஷயம்.”

“முடிஞ்சது உங்களுக்கு” என்றார் கிருஷ்ணப்பா. குரல் ஏறவில்லை. “அந்தத் தோல்விக்கப்புறம் எங்க ஆளுங்கள்ல நாலு பேரு ஆட்டத்தையே விட்டுட்டாங்க. நம்மால முடியாதுன்னு விட்டாங்க சார். முடிஞ்சிருக்கு, அவங்களுக்குத் தெரியல.”

கீழே தெருவில் ஒரு ஜட்கா போகும் சத்தம் கேட்டு அடங்கியது.

“ஒண்ணு கேக்கறேன்” என்றார் கிருஷ்ணப்பா. “1954ல வாண்டரர்ஸ்தான் மேலன்னு கமிட்டி எழுதிக் கொடுக்கட்டும். சீல் வெச்சுக் கொடுக்கட்டும். கொடுத்தா, இந்த வருஷம் எனக்கு மறு ஆட்டம் வேண்டாம். இந்தப் பையன் கணக்கே இருக்கட்டும். கொடுக்க மாட்டேன்னா, விதி விதிதான். அக்டோபர் 7 நாங்க மைதானத்துல இருப்போம். இவங்க ஒத்தைக் கை கோல்கீப்பரோட வரட்டும்.”

“எழுதிக் கொடுத்தா, கமிட்டி தப்புப் பண்ணித்துன்னு ஆயிடுமே ஓய்.”

“ஆகட்டும்.”

உறுப்பினர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒருவர் முடியவே முடியாது என்றார். இன்னொருவர் பார்க்கலாம் என்றார். சீனிவாசராகவன் எந்தப் பக்கமும் சாயாமல், “கூடிப் பேசித் தபாலில் தெரிவிக்கிறோம்” என்று சொல்லி எழுந்துவிட்டார்.

படியிறங்கும்போது சுந்தரேசன் பெருமூச்சு விட்டார். “சீனிவாசராகவன் தன் தப்பைத் தன் கையால எழுதுவார்னு எனக்குத் தோணலப்பா.”

முன்னால் இறங்கிக்கொண்டிருந்த கிருஷ்ணப்பா நின்று திரும்பி, சின்னப்பாவின் மாவுக்கட்டைப் பார்த்தார். “வலிக்குதா?” என்று கேட்டார். பதிலுக்குக் காத்திராமல் போய்விட்டார்.

திங்கட்கிழமையிலிருந்து சின்னப்பா காலையிலேயே ஐஸ் டிப்போவுக்கு வந்து உட்கார்ந்துகொண்டான். வேலை இல்லாதவன் வந்து உட்காருவதைப் பார்த்துப் புதிதாகச் சேர்ந்த கூலிக்காரன் முறைத்தான். தன் இடத்துக்கு வந்துவிட்டானோ என்று அவனுக்குப் பயம். தபால்காரர் திங்கள் வந்தார், மீன் வியாபாரிக்கு ஒரு கார்டு. செவ்வாய் அந்தப் பக்கமே வரவில்லை. புதன் வந்தார், “உனக்கில்லப்பா” என்று அவரே தூரத்திலிருந்து கையசைத்தார். வியாழக்கிழமையும் அதே கையசைப்பு. அன்று மாலை முத்தம்மா, “நாளைக்கும் வரலேன்னா சோடா ஃபாக்டரியில மூட்டை தூக்க ஆள் கேக்கறாங்க, ஒத்தைக் கை போதுமான்னு கேட்டுப் பாக்கறேன்” என்றாள். அவன் தலையாட்டினான். இனி ஒரு தபால்தான் பாக்கி. சனிக்கிழமைத் தபால் வரும் நேரத்துக்குத் தொழிற்சாலையில் லிஸ்ட் போய்விட்டிருக்கும்.

வெள்ளிக்கிழமை தபால்காரர் கையசைக்கவில்லை. நேராக வந்து ஒரு நீள உறையை நீட்டினார்.

சுந்தரேசன் ஆபீஸில் இருந்தார். அவர் வரும்வரை பொறுக்க முடியாது. சின்னப்பா உறையைப் பல்லால் கிழித்தான். உள்ளே ஆங்கிலத்தில் தட்டச்சு. அவனுக்கு ஆங்கிலம் படிக்க வராது. எண் படிக்க வரும். 2.8 என்று இருந்தால் அவன் கதை முடிந்தது. தாளை முழங்காலில் விரித்து, இடது கை விரலை வரிவரியாக ஓட்டினான். மேலே தேதி. அதன் கீழே 1954 என்று ஒரு வருஷம். ஏன் 1954? அடுத்த வரியில் 9/4. அதற்கடுத்து 11/5. அப்புறம் 45/20, 44/20. எழுதிவிட்டார். மனுஷர் எழுதிவிட்டார். விரல் கீழே இறங்கியது. 1956. எழுத்துகள், எழுத்துகள், ஒரு வரி முழுக்க எழுத்துகள். பிறகு 85/30. பக்கத்தில் 84/30. கீழே நீல மையில் கையெழுத்தும் வட்டமாக ஒரு சீலும். தாளைத் திருப்பிப் பார்த்தான். மறுபடி மேலிருந்து கீழ்வரை தேடினான். 2.8 எங்கேயும் இல்லை. அக்டோபர் 7ஐக் குறிக்கும் எண்ணும் இல்லை.

புதுக் கூலிக்காரனிடம், “உன் வேலை உனக்குத்தான்யா” என்று சொல்லிவிட்டு எழுந்தான். கடிதத்தைச் சட்டைக்குள் போட்டுக்கொண்டான். கிழக்கே போகும் பஸ்ஸைப் பிடிக்க ஓடினான். வெங்கடகிருஷ்ணன் மேஜையில் அதை வைத்தபோது லிஸ்ட் இன்னும் அவர் கையில்தான் இருந்தது. கடைசி வரியில் சின்னப்பா என்ற பெயர் ஏறியது.

நீலக்கொடி சங்கத்துக்கு லீக் கமிட்டியின் கடைசிக் கடிதம் வந்து சேர்ந்த தேதி 1956 செப்டம்பர் 28, வெள்ளிக்கிழமை.